அம்மன் தகரக் கொட்டகையில் இருந்த காலம்

கோயில் திருப்பணி வழக்கில் கட்சிக்காரர்கள் இரண்டு பேர்தான் என்று நினைக்காதீர்கள். மூன்றாவதாக ஒருத்தி பேசாமல் உட்கார்ந்திருப்பாள், அவளுக்கு நோட்டீஸ்கூட அனுப்ப முடியாது. நான் ராயபுரத்தில் சிவில் வக்கீல். ஒரு வழக்காவது போட்டு, வாய்தா வாய்தாவாக அலைந்தவரா நீங்கள்? அப்படியானால் இதைப் படிக்கும்போது உங்களுக்கும் கால் வலிக்கும்.

வாதியும் பிரதிவாதியும்

ஏழுமலைக்கு எண்ணூர் பக்கம் ஒரு மீனவக் குப்பம். சொந்தமாக ஃபைபர் படகு வைத்திருந்தார். குப்பத்து அம்மன் கோயிலைச் சுற்றி ரோடு போடப் போட ரோடு உயர்ந்தது, கோயில் பள்ளமானது. மழை வந்தால் சாக்கடைத் தண்ணீர் அம்மன் காலடிவரை வரும். திருப்பணிக் கமிட்டி எல்லாவற்றையும் இடித்துவிட்டு உயரமாகக் கட்ட முடிவுசெய்தது. பாலாலயம் நடத்தி அம்மனைத் தகரக் கொட்டகைக்கு மாற்றியும் விட்டார்கள்.

முன்மண்டபத்துக் கல்தூண்களையும் உடைக்கப்போவது தெரிந்ததும்தான் ஏழுமலை என்னிடம் வந்தார். அவருடைய பாட்டனார் தோணியில் கொண்டுவந்து நிறுத்திய தூண்களாம். கமிட்டித் தலைவர் தேசப்பன் யார் என்று கேட்டேன். மனைவியின் தம்பி என்றார். வீட்டிலேயே பேசி முடிக்கலாமே என்றேன்.

“வூட்ல பேசினா என் சம்சாரம் அவன் பக்கம் பேசுது, வக்கீலம்மா. அதான் கோர்ட்டுக்கு வந்துகீறேன்.”

கமிஷனர் சாப்பிட்டது

தடை உத்தரவு கிடைத்தது. தூண்கள் எந்த நிலையில் இருக்கின்றன என்று பார்த்துவர கோர்ட் ஒரு கமிஷனரை அனுப்பியது. அவரும் வக்கீல்தான், புதியவர், ரொம்பக் கறார். உப்புக்காற்றில் மேற்கூரைக் கம்பி துருப்பிடித்து வெளியே தெரிந்தது. தூண்கள் உறுதியாகவே இருந்தன. எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார்.

மதியம் ஏழுமலையின் மனைவி கஸ்தூரி எல்லோரையும் சாப்பிடக் கூப்பிட்டார். எதிர்த்தரப்பு வக்கீலும் நானும் கை கழுவி உட்கார்ந்துவிட்டோம். கமிஷனர் மட்டும் வாசலிலேயே நின்றார். ஒரு கட்சிக்காரர் வீட்டில் கை நனைக்கக் கூடாதாம். கஸ்தூரி கரண்டியோடு வெளியே வந்தார்.

“இது ஏழுமலை வூடுன்னு ஏன் பாக்கற? தேசப்பனோட அக்கா வூடுன்னும் பாரு. ரெண்டு கட்சியும் இங்கதான் கீது, குந்தித் துன்னு நைனா.”

மழைக்குத் தடை இல்லை

வழக்கு இழுத்துக்கொண்டே போய் மழைக்காலம் வந்துவிட்டது. கொட்டகைத் தகரம் காற்றில் பிய்ந்துகொண்டது என்று கேள்விப்பட்டுப் போனேன். மேலே ஏழுமலை, படகுக் கயிற்றால் தகரத்தைக் கட்டிக்கொண்டிருந்தார். கீழே ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றவர் தேசப்பன். வழக்கு போட்ட நாளிலிருந்து இருவரும் பேசிக்கொள்வதில்லை.

“அந்த மூலையில கால் வைக்க வேணாம்னு சொல்லுங்க. இத்துப் போச்சு” என்றார் தேசப்பன் என்னிடம்.

மேலிருந்து பதில் வந்தது, அதுவும் எனக்குத்தான்: “எனுக்குத் தெரியும். அவன ஏணிய ஆட்டாம புடிக்கச் சொல்லுங்க, வக்கீலம்மா.”

ஷாலினி கேட்ட கேள்வி

கும்பாபிஷேகம் முடியும்வரை அந்தக் குப்பத்தில் யாரும் கல்யாணம் வைப்பதில்லை. தாம் வாங்கிய தடையே தம் மகள் ஷாலினியின் கல்யாணத்துக்கும் தடை என்பது, மாப்பிள்ளை வீட்டார் தேதி கேட்டபோதுதான் ஏழுமலைக்கு உறைத்தது.

ஷாலினி நர்ஸ். அப்பாவோடு என் ஆபீசுக்கு வந்தாள். எப்போது முடியும் என்று கேட்டாள். ஜெயித்தாலும் தோற்றாலும் அப்பீல் இருக்கிறது, என்னால் சொல்ல முடியாது என்றேன். ஏழுமலை ஜன்னலுக்கு வெளியே போகும் கன்டெய்னர் லாரிகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவள் அழவில்லை, கோபப்படவும் இல்லை.

“நைனா, உனுக்குத் தூணு வேணும். மாமாவுக்கு ஒசரம் வேணும். ஒசரத்துல அந்தத் தூணு நின்னா இன்னா?”

விரிசல்

அதையே சமரச மனுவாக எழுதினேன். நீதிபதி படித்துவிட்டு உடனே ஏற்றுக்கொண்டார். தூண்களைக் கழற்றி, புதிய மேடையில் திரும்ப நிறுத்துவது என்று முடிவானது.

கழற்றும் நாளில் கிரேன் தூக்கிய ஒரு தூண் நடுவில் விரிசல் விட்டது. கீழே கிடத்திய தூணின் அருகில் ஏழுமலை உட்கார்ந்து, விரிசலைக் கையால் தடவிக்கொண்டே இருந்தார். அடுத்த வழக்குக்கு என் மனம் தயாராகிவிட்டது. தேசப்பன் மெதுவாகக் கிட்டே போனார். “மாமா…” என்றார்.

ஏழுமலை நிமிர்ந்து பார்த்தார். “கம்பி உட்டு நிறுத்துடா. அதுக்கும் வயசாவுது இல்ல?”

சம்பந்தி வந்தார்

கும்பாபிஷேகம் முடிந்து, அடுத்த முகூர்த்தத்திலேயே கல்யாணம். தாய்மாமன் சீரைத் தேசப்பன் தலையில் சுமந்து வந்தார். ஏழுமலை எதிரே போய் வாங்கினார். எனக்கும் கண் கலங்கியது. அப்போது மாப்பிள்ளையின் அப்பா பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

“நம்ம தெருவுலயும் ஒரு கோயில் கீதும்மா. கோபுரத்துக்கு இன்னா கலர் அடிக்கிறதுன்னு எனுக்கும் என் தம்பிக்கும் பேஜாரு. உங்க கார்டு ஒண்ணு குடுங்க.”

கோயில் வழக்கில் வக்கீலுக்கு வெற்றி தோல்வி ஏது, இந்தக் கோயிலில் சுண்டல் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு அடுத்த கோயிலுக்குக் கிளம்ப வேண்டியதுதான்.