டாங்கிக்குள் கற்பூரம்

போன வாரம் ஹட்டன் டவுனில் மோட்டார் சைக்கிளைச் சர்வீசுக்கு விட்டிருந்தேன். வேலை முடிந்ததும் மெக்கானிக் ஒரு சின்னப் போத்தலை நீட்டி, "பெற்றோலோட இத ஊத்தி ஓட்டுங்கண்ணே, என்ஜின உள்ளுக்குக் கழுவுன மாதிரி ஆயிரும்" என்றார். மூடியைத் திறந்து மோந்து பார்த்தேன். பழைய பழக்கம், விடமாட்டேன் என்கிறது. கற்பூர வாசனை மூக்கில் ஏறியது. மூடித் திருப்பிக் கொடுத்துவிட்டேன். என்னைக் கஞ்சன் என்று நினைத்திருப்பார். நினைத்துக்கொள்ளட்டும்.

இத்தனைக்கும் இப்படிப்பட்ட போத்தல்களை விற்றுச் சோறு தின்றவன் நான். அதே டவுனில் ஒரு வாகனப் பார்ட்ஸ் கடையில் கவுண்டருக்குப் பின்னால் நின்றேன். முதலாளியை எல்லோரும் நானா என்றுதான் கூப்பிடுவோம். புகையைக் குறைக்க ஒன்று, தேய்ந்த என்ஜினுக்கு ஒயிலைத் தடிப்பாக்க ஒன்று, டீசல் குழாயைத் துலக்க ஒன்று என்று அலமாரி நிறைய வகைகள். நானா அத்தனைக்கும் சேர்த்து வைத்த பெயர் கசாயம். "கசாயம் குடிச்சு எந்தக் கெழவனும் கொமரனானதில்ல. ஆனா கேட்டு வாரவனுக்கு இல்லைன்னு சொல்லாதீங்க" என்பார். லேபிளில் உள்ள ஆங்கிலத்தை நான் பாதி விழுங்கிப் பாதி துப்பி வாசித்துக் காட்டுவேன். கேட்கிறவர்கள் மிச்சத்தை நம்பிக்கையால் நிரப்பிக்கொள்வார்கள். அப்படியே ஓடியது வியாபாரம்.

பிறகு நாடு முழுக்க எண்ணெய்க்கு வரிசை நின்ற காலம் வந்தது. உங்களுக்கும் ஞாபகம் இருக்கும். பெற்றோல் செட்டிலிருந்து டவுனைத் தாண்டி வளைந்து வளைந்து வண்டிகள். கசாயம் இறக்குமதி ஆகவில்லை, கடையையும் பாதி நாள் மூடிப்போட்டார்கள். நான் தேயிலைத் தோட்டத்தில், வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் சும்மா கிடந்தேன்.

எங்கள் லயத்தில் ஒரே ஒரு ஆட்டோ. அதுவும் என் அத்தை மகன் யோகனுடையது, புகை கக்கும் பழசு. தோட்டத்து லொறிக்கு டீசல் இல்லாமல் போனபிறகு, காய்ச்சலோ பிள்ளைப்பேறோ எல்லாவற்றுக்கும் அந்த ஆட்டோதான். ஆஸ்பத்திரிச் சவாரிக்கென்று எப்போதும் டாங்கியில் எண்ணெய் சேர்த்து வைத்திருப்பான். பெற்றோல் பற்றாததற்கு மண்ணெண்ணெயைக் கலப்பான். மண்ணெண்ணெய் கலந்தால் வண்டி மேட்டில் திணறும். எங்கள் பக்கத்தில் மேடு இல்லாத பாதை எங்கே இருக்கிறது? டவுன் டிரைவர்கள் ஒரு வைத்தியம் கண்டுபிடித்தார்கள். கற்பூரத்தைப் போட்டால் இழுவை கூடுமாம். கூடியதா என்று எனக்குத் தெரியாது. யோகன் ஒரு சிட்டிகையைத் தூளாக்கி, பெற்றோலில் கரைத்து, துணியில் வடித்துத்தான் ஊற்றுவான்.

லயத்துப் பெண்கள் பார்த்தது கற்பூரத்தை மட்டும். வடித்த துணியை யார் கவனித்தார்கள்? எந்த வண்டி புறப்பட்டாலும் அதன் முன்னால் கற்பூரம் கொளுத்திக் காட்டுகிறவர்கள் அவர்கள். கொளுத்துவதற்குப் பதில் உள்ளேயே போட்டால் சாமி கூடவே போகும் என்று அவர்களுக்குத் தோன்றியிருக்க வேண்டும். இன்றைக்கும் அதைத் தப்பு என்று என்னால் சொல்ல முடியவில்லை.

ஒரு காலை, மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தவர்களைக் குளவி துரத்தியது. மற்றவர்கள் ஓடித் தப்பினார்கள். யோகனின் பெண்சாதி சாந்தி வழுக்கி விழுந்துவிட்டாள், குளவிக் கூட்டம் அவள்மேல் மொய்த்துக் கொட்டியது. கம்பளியில் தூக்கி வந்தபோது முகம் முகமாக இல்லை. மூச்சு விசிலடித்தது. யோகன் அவளை ஆட்டோவில் ஏற்றித் தன் சேர்ட்டைக் கழற்றித் தலைக்கு வைத்துக்கொண்டிருந்தான். அந்த நேரம் நாகம்மா அக்கா கோயிலிலிருந்து ஓடி வந்தார். சாந்தியோடு ஒரே நிரையில் கொழுந்தெடுப்பவர். கை நிறையக் கற்பூரக் கட்டிகள். பின்பக்க மூடியைத் திறந்து, டாங்கியில் அத்தனையையும் போட்டார்.

"தாயே, மேட்டுல நிக்காம கொண்டுபோய்ச் சேத்துரு!"

யோகன் திரும்பிப் பார்க்கும்போது மூடியைத் திருகியாயிற்று. நானும் ஏறிக்கொண்டேன். பாலத்தைத் தாண்டி மேட்டில் ஏறும்போது என்ஜின் இரண்டு முறை இருமி நின்றது. லீவரை இழுத்தான். மறுபடி இழுத்தான். நான் இறங்கித் தள்ளினேன். பனியில் நனைந்த மேடு, கால் நிற்கவில்லை. உள்ளேயிருந்து சாந்தி, "விடுங்க, நடந்தே போயிருவோம்" என்றாள். எழுந்திருக்கவே முடியாதவள் அப்படிச் சொன்னாள். கம்பளியில் போட்டு ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு ஏறினோம். மெயின் ரோட்டுக்கு வந்து சேருமுன் அந்த விசில் சத்தம் நின்றுவிட்டது. யோகன் அதைக் காதில் வாங்காமல் நடந்துகொண்டே இருந்தான்.

காரியமெல்லாம் முடிந்தபின் அவன் காபரேட்டரைக் கழற்றினான். நான் பக்கத்தில் ஸ்பேனரோடு குந்தியிருந்தேன். பெற்றோல் போகும் நுண்ணிய துவாரத்தில் வெள்ளையாக, மெழுகு போல அடைத்திருந்தது. மலிவுக் கற்பூரத்தில் என்னென்ன கலக்கிறார்களோ. குளிருக்கு உறைந்துவிட்டது. நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன்.

"பேசாத மச்சான். இது காதுல விழுந்தா நாகம்மாக்கா செத்துப்போயிரும்."

பிறகு டாங்கியைக் கழற்றி எடுத்து, லயத்துக்குப் பின்னால் போய், தண்ணீர் ஓடும் கானில் கவிழ்த்தான். முக்கால்வாசி இருந்தது. ஊரே ராப்பகலாக வரிசையில் கிடந்து தவித்த பெற்றோல், தேயிலை வேர்களுக்குள் இறங்கிப் போனது. வெறும் டாங்கியை எல்லோரும் பார்க்கும்படி வாசலில் சாய்த்து வைத்துவிட்டு உள்ளே போய்ப் படுத்தான். துக்கம் கேட்க வந்தவர்களிடம் ஒரே பதில்தான் சொன்னான்: "எண்ண தீந்துபோச்சு." எனக்கு அவன்மேல் வந்த கோபமும் பாசமும் இன்னும் பிரியவில்லை.

இப்போது வரிசைகள் இல்லை. நானா மௌத்தாகிவிட்டார், கடை இருந்த இடத்தில் போன் விற்கிறார்கள். யோகன் ஆட்டோவை யாருக்கோ தள்ளிவிட்டுக் கொழும்புக்குப் போனான், திருவிழாவுக்குக்கூட வருவதில்லை. அவர்கள் இருந்த காம்பராவில் வேறு குடும்பம், வாசலில் வேறு பிள்ளைகளின் செருப்பு. நாகம்மா அக்கா மட்டும் காலையில் வேலைக்குப் பேர் பதியப் பெரட்டுக்குப் போகும் வழியில் என்னைக் கண்டால் கூடையை இறக்கிவைப்பார். "அன்னைக்கு மட்டும் ரெண்டு போத்தல் எண்ண இருந்திருந்தா, பொழச்சிருப்பா தம்பி." "ஆமாக்கா" என்பேன்.

யோகனும் போனபிறகு இது தெரிந்தவன் லயத்தில் நான் ஒருவன்தான். தூரத்தில் இருக்கிறீர்கள் என்பதால் உங்களிடம் சொன்னேன். எப்போதாவது எங்கள் பக்கம் வந்து, அந்த அக்கா உங்களையும் நிறுத்திக் கேட்டால், எண்ணெய் தீர்ந்துபோனது என்றே சொல்லுங்கள்.