எந்தப் பந்தும் தப்பில்லை

பட்டறையில் அவளுக்கு முதல் மேசை என்று பெயர். மொத்தமே மூன்று மேசை போட்ட இடத்தில் இது என்ன பெரிய பட்டம் என்று கேட்கலாம். அவளுக்குப் பெரிய பட்டம்தான். உலக உருண்டை, பிளாஸ்டிக் எலும்புக்கூடு, திறந்து மூடுகிற இதயம் என்று பள்ளிக்கூடங்களுக்குச் சாமான் செய்து அனுப்புகிற பட்டறை அது. அங்கே அவள் கையால் ஒட்டிய பொருள் ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. இதை அவளே நாலு பேரிடம் சொல்லுவாள். ஐந்தாவது ஆள் கேட்காவிட்டாலும் சொல்லுவாள்.

வீட்டில் அவள் பெரியவள். கல்யாணம் ஆன சூட்டிலேயே புருஷனோடு ஒத்துவராமல் திரும்பி வந்தவள். அவளுக்குக் கீழே ஒரு தம்பி, கடைசியாக ஒரு தங்கை. அந்தச் சின்னவளுக்குப் பிறந்ததிலிருந்தே காது கேட்காது. பேச்சும் வரவில்லை. அக்காவும் தங்கையும் தம்பி வீட்டுப் பின்னறையில் இருந்தார்கள்.

தம்பி பெண்டாட்டியைக் கெட்டவள் என்று சொல்ல மனசு வரவில்லை. இரண்டு அறை, வளர்கிற பிள்ளைகள், ஒற்றைச் சம்பளம். அவள் பூசி மெழுகாமல் ஒரு நாள் சொல்லிவிட்டாள்: "சின்னவங்க ஏதாவது சம்பாதிச்சா இருக்கட்டும் அண்ணி. இல்லேன்னா காப்பகத்துல சேர்த்துடலாம். அங்க அவங்கள மாதிரி ஆளுங்க துணைக்கு இருப்பாங்க."

 மறுநாளே பெரியவள் பட்டறை முதலாளியிடம் போய்க் கெஞ்சிக் கூத்தாடி, தன் மேசையிலேயே எதிர்ப்பக்கம் தங்கைக்கு ஒரு முக்காலி வாங்கிவிட்டாள். "உன் முகத்துக்காகத்தான் வெச்சுக்கறேன். ஏதாவது தப்பு வந்தா உன்ன ஒண்ணும் கேக்க மாட்டேன், அந்தப் பொண்ணத்தான் அனுப்புவேன்" என்றார் அவர். இதில் நியாயம் எங்கே இருக்கிறது என்று அவள் யோசிக்கவில்லை. முக்காலி கிடைத்ததே போதும் என்றிருந்தாள்.

அந்த முக்காலியில் உட்கார்ந்த பிறகு சின்னவள் ஆளே மாறிப்போனாள். காலையில் அக்காவுக்கு முன்னால் தலைவாரிக்கொண்டு வாசலில் நிற்பாள். சம்பள நாளில் தம்பி பிள்ளைகளுக்குப் பலூன் வாங்குவாள். வீட்டில் யாரும் அவளைத் தாண்டிப் போகிறபோது சுவரைப் பார்ப்பதுபோல் பார்ப்பதில்லை. பெரியவளுக்கு இதையெல்லாம் பார்க்கப் பார்க்கப் பெருமை பிடிபடவில்லை.

அப்போதுதான் அந்த ஆர்டர் வந்தது. கல்லூரியில் வேதியியல் சொல்லித்தருகிற ஒரு லெக்சரர் அம்மா வடிவமைத்தது. பால் புளிக்கும்போது வருகிற அமிலத்தின் மூலக்கூறு. நாம் ஓடிக் களைத்தால் நம் தசையிலும் அதுதான் உண்டாகுமாம். நடுவில் ஒரு கறுப்புப் பந்து, அதைச் சுற்றி நாலு குச்சியில் நாலு நிறப் பந்து: பச்சை, சிவப்பு, நீலம், வெள்ளை. நிறைய பள்ளிக்கூடங்களுக்குப் போகிற ஆர்டர். தாளில் 'கைரல், ஒரே வடிவம் மட்டும்' என்று எழுதி அடிக்கோடு போட்டிருந்தது.

"கைரல்னா என்ன முதலாளி?" என்று கேட்டாள் பெரியவள்.

"கைரல்னா... கெட்டியான பிளாஸ்டிக். உடையாது" என்றார் முதலாளி, கண்ணைக்கூடச் சிமிட்டாமல். தெரியாது என்ற சொல் அந்த மனிதர் வாயில் வந்ததே இல்லை. அதற்குப் பிறகு பெரியவள் கடைத்தெருவில் வாளியைத் தட்டிப் பார்த்து, "இது கைரல் இல்லப்பா, லேசா இருக்கு" என்று பேரம் பேசிக்கொண்டிருந்தாள். கடைக்காரரும் ஆமாம் என்றார்.

லெக்சரர் அம்மா செய்து கொடுத்த மாதிரியை யாரும் கையால் தொட்டுக் கெடுத்துவிடக் கூடாது என்று முதலாளி ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டி, வாசலுக்கு மேலே மாட்டிவிட்டார். பெரியவளுக்கு அது முதுகுப் பக்கம். ஆனால் அந்த இடம் முன்பு ஒரு சலூன். சுவர் முழுக்க முகம் பார்க்கும் கண்ணாடி. கழற்றப் போனால் காரையோடு வருகிறது என்று அப்படியே விட்டிருந்தார்கள். பெரியவள் அந்தக் கண்ணாடியைப் பார்த்து உட்கார்ந்திருந்ததால், மாதிரி அதிலேயே பளிச்சென்று தெரிந்தது. பச்சை மேலே, சிவப்பு ஜன்னல் பக்கம், நீலம் அலமாரிப் பக்கம், வெள்ளை தன்னைப் பார்த்து. கழுத்து வலிக்கத் திரும்ப வேண்டாம். பார்த்தாள், அப்படியே ஒட்டினாள். தன் கெட்டிக்காரத்தனத்தை நினைத்துத் தானே சிரித்துக்கொண்டாள்.

சின்னவளுக்கு அந்தக் கஷ்டமே இல்லை. கண்ணாடிக்கு முதுகு காட்டி உட்கார்ந்தவளுக்கு மாதிரி நேர் எதிரே, வாசலுக்கு மேலே இருந்தது. அவளும் சிவப்பை ஜன்னல் பக்கம் வைத்தாள், நீலத்தை அலமாரிப் பக்கம் வைத்தாள், வெள்ளையைத் தன் நெஞ்சைப் பார்க்க வைத்தாள். பெரியவள் நடுநடுவே எட்டிப் பார்ப்பாள். இரண்டு பேர் சிவப்பும் ஒரே பக்கம், இரண்டு பேர் நீலமும் ஒரே பக்கம். வேறென்ன வேண்டும்? அவளும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டுதான் பார்த்தாள்.

பெட்டிகள் போயின. கொஞ்ச நாளில் மொத்தமும் திரும்பி வந்தது. லெக்சரர் அம்மா தொலைபேசியில் சத்தம் போட்டதாக முதலாளி சொன்னார். "எல்லாம் ஒரே வடிவமா இருக்கணுமாம். பாதி எதிர்வடிவமா இருக்காம். யாரு பண்ணினது?"

பெரியவளுக்கு முகத்தில் அறைந்தாற்போல் இருந்தது. தான் செய்ததில் ஒன்றையும் தங்கை செய்ததில் ஒன்றையும் எடுத்து அருகருகே வைத்தாள். பச்சையும் சிவப்பும் பொருந்தினால் நீலமும் வெள்ளையும் இடம் மாறி நின்றன. கவிழ்த்தாள், சுற்றினாள், படுக்கப் போட்டாள். இரண்டும் ஒன்றாகவே இல்லை. பிறகு, அவள் அவசரக்காரி இல்லை, நிமிர்ந்து கண்ணாடியில் மாதிரியைப் பார்த்தாள். தான் செய்தது அதோடு அச்சு அசலாக ஒத்துப்போனது.

"சின்னவ செஞ்சதுதான் முதலாளி" என்றாள்.

அவள் பொய் சொல்லவில்லை. கண்ணால் பார்த்ததைத்தான் சொன்னாள். அதை நினைத்தால்தான் இன்னும் எரிச்சலாக வருகிறது.

சின்னவளுக்குக் காதுதான் கேட்காதே தவிர, நடப்பது புரியாமல் இல்லை. எழுந்து நின்று வாசலுக்கு மேலே கையைக் காட்டினாள். அக்காவின் தோளைப் பிடித்துத் திருப்பப் பார்த்தாள். மறுபடி கையைக் காட்டினாள். தொண்டையிலிருந்து ஏதோ சத்தம் வந்தது. முதலாளி முகம் சுளித்தார். அவர் முன்னால் இவள் ரகளை செய்தால் இருக்கிற இரக்கமும் போய்விடுமே என்று பெரியவள் பதறி, அந்தக் கையைப் பிடித்துக் கீழே இறக்கி, முக்காலியில் உட்காரவைத்து அழுத்திப் பிடித்துக்கொண்டாள். கழுத்தை ஒரு முறை திருப்பியிருந்தால் போதும். அவள் திருப்பவில்லை.

"நாளைலேருந்து அந்தப் பொண்ணு வர வேண்டாம்" என்றார் முதலாளி. "அவ செஞ்சதையெல்லாம் நீ திருத்திக் குடு."

திருத்துவது சுலபம்தான். சிவப்பையும் நீலத்தையும் பெயர்த்து இடம் மாற்றி ஒட்டினால், தங்கை செய்தது தான் செய்ததுபோல் ஆகிவிடுகிறது என்று பெரியவள் கண்டுபிடித்துவிட்டாள். பசை காய்ந்து இறுகியிருந்ததால் ஒவ்வொன்றையும் நெம்பி எடுக்க வேண்டியிருந்தது. விரல் நுனியெல்லாம் தோல் உரிந்தது. ஒரு குறையும் இல்லாமல் அனுப்பிவிட்டால் முதலாளி மனம் குளிரும், மறுபடி தங்கைக்காகக் கேட்டுப் பார்க்கலாம் என்ற ஒரே நினைப்பில் செய்தாள். தம்பி சின்னவளைக் காப்பகத்துக்குக் கூட்டிப்போன அன்றுகூட அவளால் பேருந்து நிலையத்துக்குப் போக முடியவில்லை. அன்றைக்குக் கடைசிப் பெட்டி.

அந்தப் பெட்டிகளும் போய்ச் சேர்ந்தன. இந்த முறை தொலைபேசி வரவில்லை. லெக்சரர் அம்மாவே ஒரு பையில் நாலைந்தைப் போட்டுக்கொண்டு நேரில் வந்துவிட்டார். முதலாளியிடம் சாவி வாங்கி மாதிரியை இறக்கச் சொன்னார். பெரியவள் செய்ததை அதன் பக்கத்தில் வைத்தார். அது பொருந்தவில்லை.

"எத பார்த்துச் செஞ்சீங்கம்மா?"

"இதே மாதிரியப் பார்த்துத்தான் மேடம். இங்க உக்காந்து."

லெக்சரர் அம்மா பெரியவளின் இடத்தில் உட்கார்ந்தார். எதிரே கண்ணாடியைப் பார்த்தார். மாதிரியை எடுத்துக் கண்ணாடிக்கு முன்னால் தூக்கிப் பிடித்தார். பிறகு, "ஐயோ, கண்ணாடியிலயா பார்த்தீங்க!" என்றார்.

"எந்தப் பந்து மேடம் தப்பு? சொல்லுங்க, இப்பவே மாத்திடறேன்."

"எந்தப் பந்தும் தப்பில்லைம்மா. நிறம் சரி, குச்சி சரி, இடைவெளி எல்லாம் சரி. ஆனா முழுசும் தப்பு." அவர் கோபமாகச் சொல்லவில்லை. தன் இரண்டு கைகளையும் நீட்டி ஒன்றின் மேல் ஒன்றை வைத்துக் காட்டினார். கட்டைவிரல்கள் எதிரெதிர்ப் பக்கம் நீட்டிக்கொண்டு நின்றன. "ரெண்டு கைலயும் அஞ்சு விரல்தான். ஆனா இடது கைய எப்படித் திருப்பினாலும் வலது கையாகாது. இதுக்குத்தான் கைரல்னு பேரு. கிரேக்க பாஷைல கைக்குச் சொல்ற வார்த்தைலேருந்து வந்தது. கண்ணாடில பார்த்தா இது அதாயிடும்."

முதலாளி ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"முதல்ல வந்த பெட்டிகளே எவ்வளவோ தேவலை" என்று லெக்சரர் அம்மா தொடர்ந்தார். "பாதிக்குப் பாதி கலந்திருந்தது. அத சுழிமாய்க் கலவைன்னு சொல்லுவோம். ஒரு வகை வெளிச்சத்த வலப்பக்கம் திருப்பும், எதிர்வகை இடப்பக்கம் திருப்பும். சரிபாதி கலந்தா ஒண்ண ஒண்ணு அடிச்சிடும், திருப்பமே தெரியாது. ஆனா ரெண்டும் உள்ளயேதான் இருக்கு. பொறுமையாப் பிரிச்சா நல்ல பாதிய எடுத்துக்கலாம். நீங்க அந்த நல்ல பாதியையும் உடைச்சு மாத்தி அனுப்பிட்டீங்களே. அத யாரு செஞ்சது? அவங்கள வெச்சு மிச்சத்தையும் செஞ்சிருக்கலாமே?"

"என் தங்கச்சி மேடம்" என்றாள் பெரியவள். எதிரே காலியாகக் கிடந்த முக்காலியைக் காட்டினாள்.  லெக்சரர் அம்மா இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, ஆர்டரை வேறு இடத்துக்குக் கொடுத்துவிட்டதாகச் சொல்லிப் பையை எடுத்துக்கொண்டு போனார்.

அன்று சாயங்காலம் பெரியவள் முதலாளி முன்னால் போய் நின்றாள். "என்ன அனுப்பிடுங்க முதலாளி. என் இடத்துல அவள வைங்க. அவதான் சரியா செஞ்சா."

"அவகிட்ட நான் எப்படிம்மா வேலை சொல்றது? நீ இருந்தாத்தான் அவளுக்குப் புரியும். ரெண்டு பேருக்கும் குடுக்க வேலையும் இல்ல, ஆர்டர்தான் போச்சே" என்றார். "போனது போகட்டும். எலும்புக்கூடு வந்திருக்கு. நீ அதப் பாரு."

இதுதான் நடந்தது. தப்புச் செய்தவளுக்கு மேசை இருந்தது, சரியாகச் செய்தவளுக்கு இல்லை. தம்பியிடம் பேசிப் பார்த்தாள். தங்கையின் படுக்கை இருந்த மூலையில் அவன் மகளுக்குப் படிக்க மேசை போட்டாகிவிட்டது. "திரும்பக் கூட்டிட்டு வந்து என்னக்கா பண்றது? மறுபடி அனுப்பினா அவளுக்கு அது இன்னும் கஷ்டம்" என்றான். அவன் சொன்னதில் தப்புக் கண்டுபிடிக்க அவளால் முடியவில்லை. பெரியவள் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள்.

குறைந்தபட்சம் அவளிடம் சொல்லிவிடவாவது வேண்டும் என்று லீவு போட்டுவிட்டுக் காப்பகத்துக்குப் புறப்பட்டாள். நீ செய்ததுதான் சரி என்று சொல்ல வேண்டும். அதைச் சொல்லாமல் அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

நீளமான கூடம், வரிசையாக இரும்புக் கட்டில்கள். பெண்கள் தரையில் உட்கார்ந்து காகிதப் பை ஒட்டிக்கொண்டிருந்தார்கள். பேன் பார்க்கச் சிரமம் என்று எல்லாருக்கும் முடியைக் குட்டையாக வெட்டியிருந்தார்கள். பெரியவளுக்குத் தங்கையை முதலில் அடையாளமே தெரியவில்லை. சின்னவள்தான் பார்த்துவிட்டு ஓடி வந்தாள்.

பட்டறையில் வேலை சரியாக வந்தால் அக்காவும் தங்கையும் ஒருவர் உள்ளங்கையில் ஒருவர் கட்டைவிரலை அழுத்திக்கொள்வார்கள். பெரியவள் தங்கையின் இரண்டு உள்ளங்கையிலும் அழுத்தினாள். நாலு பந்தைக் காற்றில் வைத்துக் காட்டி, உன்னுடையது சரி என்று அழுத்தினாள். தன் தலையில் தானே குட்டிக்கொண்டு, என்னுடையது தப்பு என்று காட்டினாள். அழுகை வந்துவிட்டது.

சின்னவளுக்கு நொடியில் புரிந்தது. அக்காவின் கையில் சுளீரென்று ஓர் அடி வைத்தாள். பிறகு வாய் நிறையச் சிரித்தாள். அவள் கணக்கு ரொம்ப நேரானது. தப்பு என்று அனுப்பினார்கள், சரி என்று தெரிந்துவிட்டது, அக்கா வந்திருக்கிறாள்.

அவள் திரும்பி ஓடினாள். கட்டிலுக்கு அடியிலிருந்து துணிப்பையை இழுத்துத் தன் உடுப்புகளைத் திணித்தாள். சோப்பைப் பக்கத்துக் கட்டில்காரியிடம் கொடுத்தாள். சீப்பை இன்னொருத்தியிடம் கொடுத்தாள். போர்வையை ஒழுங்காக மடித்துக் கட்டில் மேல் வைத்து ஒரு தட்டுத் தட்டினாள்.

பொறுப்பாளர் அம்மா வாசலிலிருந்து எட்டிப் பார்த்தார். "என்னம்மா, கூட்டிட்டுப் போறீங்களா? சொல்லவே இல்லையே?"

"இல்லம்மா" என்றாள் பெரியவள். "சும்மா பார்த்துட்டுப் போகத்தான் வந்தேன்."

சின்னவளுக்கு அது கேட்கவில்லை. பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, செருப்பைத் தேடிக் கட்டிலுக்கு அடியில் குனிந்தாள்.