மயில்சாமியின் கட்டைவிரல்

சோமனூரில் யாருக்காவது உடம்புக்கு முடியவில்லை என்றால், டாக்டருக்குத் தெரியும் முன்பே மயில்சாமி அண்ணனுக்குத் தெரிந்துவிடும். தறி குடோனில் ஷிப்ட் முடிந்ததும், தலையில் படிந்த பஞ்சுத் தூசியைக்கூடத் தட்டாமல் என் குட்டியானை வண்டியில் ஏறி உட்கார்ந்துகொள்வார். நான் துணி பேல் ஏற்றிக்கொண்டு சூலூர், சிங்காநல்லூர் பக்கம் ஓடுகிறவன். போகிற வழியில் எந்த ஆஸ்பத்திரி இருந்தாலும் அங்கே அவருக்கு வேண்டப்பட்டவர் ஒருவர் படுத்திருப்பார். நல்லதுக்குப் போகாவிட்டாலும் கெட்டதுக்குப் போகவேண்டும் என்று எல்லாரும்தான் சொல்கிறோம். சொல்லிவிட்டு வீட்டில் டிவி பார்ப்போம். இவர் போய்க்கொண்டே இருந்தார்.

மனுஷனுக்கு உட்காரத் தெரியாது. தறி ஓடும்போது நிற்கவேண்டும், சரி. தறி நின்றபிறகும் நிற்பார். டீயை நடந்துகொண்டே குடிப்பார். சட்டைப்பையில் எப்போதும் மருதமலைத் திருநீறு ஒரு பொட்டலம். நோயாளியின் கையை ஒரு பிடி, நெற்றியில் கட்டைவிரலால் ஒரு தீற்று, "ஒன்னுமாவாதுங்க" என்று ஒரு வார்த்தை. பக்கத்துக் கட்டில்காரர் முன்பின் தெரியாதவராக இருந்தாலும், கண் இந்தப் பக்கம் திரும்பிவிட்டால் அவருக்கும் ஒரு தீற்று. கோயம்புத்தூரில் பாதி வார்டுகள் அந்த விரலைப் பார்த்திருக்கும். எனக்கு எரிச்சல் எரிச்சலாக வரும். வண்டியை வெயிலில் போட்டுவிட்டுக் காத்துக்கிடப்பவன் நான்தானே.

அவர் மனைவி பாவாத்தாள் அக்கா நேர் எதிர். அதே குடோனில் நூல் சுற்றுகிற வேலை. உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்து, பேசுகிற நேரத்தில் மட்டும் பேசுகிறவர். ஊர் நோயாளியெல்லாம் உங்களுக்குச் சொந்தம், வீட்டில் இருப்பவள் யார் என்று எப்போதாவது கேட்பார். அண்ணன் சிரித்துக்கொண்டே செருப்பை மாட்டுவார்.

போன வருஷம் ஐப்பசி மழையில் குழாயடியில் வழுக்கி விழுந்து அக்காவுக்கு இடுப்பு எலும்பு உடைந்தது. கோயம்புத்தூரில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். பேர் எதற்கு, எந்த ஆஸ்பத்திரியிலும் நடக்கக்கூடியதுதான் நடந்தது. இன்சூரன்ஸ் கார்டில் ஆபரேஷன் ஆயிற்று. நல்லபடியாக முடிந்தது என்றார்கள். வார்டில் கொண்டுவந்து போட்டார்கள்.

பக்கத்துக் கட்டிலில் ராமுலு என்று ஒரு பெரியவர். சிங்காநல்லூரில் பம்பு பட்டறை வைத்திருந்தவர். வீட்டில் தெலுங்குப் பேச்சு, தோட்டம் துரவு என்று வாழ்ந்த குடும்பம். பக்கவாதம் வந்து வேறொரு ஆஸ்பத்திரியில் வெகுநாள் கிடந்துவிட்டு இங்கே வந்திருந்தார். முதுகில் படுக்கைப்புண், சிறுநீர் போக ஒரு குழாய், பேச்சு குழறல். தலைமாட்டில் அவர் மனைவி ரங்கநாயகி அம்மா, தண்ணீரை ஸ்பூனால் ஊட்டிக்கொண்டிருப்பார்.

ராமுலுவின் குடும்பம் நாமம் போடுகிற குடும்பம். அப்படியும், அண்ணன் அக்காவுக்குத் திருநீறு போடுவதைப் பார்த்துவிட்டு அந்த மனிதர் மெதுவாக முகத்தை இந்தப் பக்கம் திருப்பி நெற்றியைக் காட்டினார். அண்ணன் விரலைச் சட்டையில் ஒருதரம் துடைத்துக்கொண்டார். போட்டுவிட்டார். அன்று சாயங்காலம் வண்டியில் வரும்போது, தன் அப்பா அந்த மாதிரி வீடுகளின் வாசலைத் தாண்டியதே இல்லை என்றார். அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு வந்தார். அதன் பிறகு தினமும் அக்காவுக்கு ஒரு தீற்று, ராமுலுவுக்கு ஒரு தீற்று, திரும்பி வந்து அக்காவின் போர்வையைச் சரிசெய்வது என்று ஆகிவிட்டது.

அந்த ஆஸ்பத்திரியில் சமீரா என்று ஒரு நர்ஸ். நோய் ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தொற்றாமல் பார்த்துக்கொள்வதுதான் அவருக்கு வேலை. வார்டு வார்டாகப் போய் டாக்டர், நர்ஸ், துப்புரவு ஆள், பார்க்க வந்தவர் என்று எல்லார் கையையும் கவனிப்பார். ஒவ்வொரு கட்டிலின் கால்மாட்டிலும் கை கழுவும் மருந்து பாட்டிலில் தொங்கும். நோயாளியைத் தொடுவதற்கு முன்னால் ஒருதரம், தொட்ட பின்னால் ஒருதரம் தேய்க்கவேண்டும். அண்ணனிடம் தன்மையாகச் சொன்னார், பிறகு கண்டித்துச் சொன்னார். அண்ணன் தலையைத் தலையை ஆட்டுவார், செய்யமாட்டார். திருநீறு எடுக்கிற கையில் ஸ்பிரிட்டைத் தேய்க்கக் கூடாது என்று ஒரு சாக்கு.

ஒருநாள் எனக்குக் கோபம் வந்துவிட்டது. படித்த பெண் கெஞ்சிக்கொண்டிருக்கிறது, அப்படி என்ன வீம்பு என்று ஆஸ்பத்திரி வாசலிலேயே கத்திவிட்டேன். அப்போதுதான் உண்மைக் காரணத்தைச் சொன்னார். சின்னப் பையனாக இருக்கும்போது அப்பாவோடு ஒரு தோட்டத்துக்குக் களை எடுக்கப் போயிருக்கிறார். அந்த வீட்டு அம்மாள் முறுக்குக் கொடுத்திருக்கிறாள். வாங்கும் அவசரத்தில் இவர் விரல் அவள் கையில் பட்டுவிட்டது.

"அந்தம்மா வையல, அடிக்கல. நேரா தொட்டிக்குப் போயி கையக் கழுவுச்சு, நான் பாக்கப் பாக்க," என்றார். "அந்த முறுக்க நான் திங்கல தம்பி. இப்ப அந்தப் பெரியவரத் தொட்டுப்போட்டு, அவரு கண்ணு முன்னால நான் கையக் கழுவறதா?"

நானும் அதே தெருவில் பிறந்தவன். வண்டியை எடுத்தேன்.

அதற்குப் பிறகு சில நாளில் அக்காவுக்குக் காய்ச்சல் கண்டது. ஆபரேஷன் செய்த இடம் சிவந்து கசிந்தது. ஊசி மாற்றினார்கள், மறுபடி மாற்றினார்கள், காய்ச்சல் அசையவில்லை. சீழை எடுத்துச் சோதித்துப் பார்த்துவிட்டு டாக்டர் அண்ணனைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். அண்ணன் நின்றுகொண்டே கேட்டார். இது ஆஸ்பத்திரிகளிலேயே வளர்ந்து, ஊசி மருந்துக்கெல்லாம் பழகிப்போன கிருமி. கையில் ஒட்டிக்கொண்டு போகும், கட்டில் கம்பியில் உட்கார்ந்திருக்கும். திடமான ஆளை ஒன்றும் செய்யாது, முடியாதவர்களைக் கண்டால் விடாது. இதற்குக் கேட்கிற மருந்து ஒன்றிரண்டுதான் மிச்சம், அதுவும் கிட்னியைப் பதம் பார்த்துவிடும். காயத்தைத் திறந்து மறுபடி சுத்தம் செய்யவேண்டும். ரத்தம் முழுக்கப் பரவினால் உயிருக்கே ஆபத்து. டாக்டர் இவ்வளவும் சொன்னார்.

ராமுலுவின் புண்ணிலும் அதே கிருமி இருந்தது. இரண்டு பேரையும் வராந்தாக் கோடியில் எதிரெதிர் அறைகளில் தனித்தனியாக வைத்தார்கள். அறைக்கு ஒரே ஒரு ஆள்தான். மேலே ஒரு அங்கி, கையில் உறை, உள்ளே போகும்போதும் வெளியே வரும்போதும் கை கழுவவேண்டும்.

அண்ணன் சமீராவிடம் கேட்டார். "என்ற கையிலிருந்து போச்சுங்களா அம்மணி?"

"ஆரு கைன்னு யாராலயும் சொல்ல முடியாதுங்க. எங்க கையாவும் இருக்கலாம். இனிமே போகாம பாத்துக்கலாங்க," என்றார் சமீரா.

அந்தப் பெண் ஆமாம் என்றோ இல்லை என்றோ சொல்லித் தொலைத்திருக்கலாம் என்று எனக்கு ஆத்திரமாக இருந்தது. ஆமாம் என்றால் அழுது தீர்த்திருப்பார். இல்லை என்றால் தூங்கியிருப்பார். இப்போது இரண்டும் இல்லை. வராந்தாவில் தறி நாடா மாதிரி இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் ஓடிக்கொண்டே இருந்தார். நடுவில் நின்று கட்டைவிரலைப் பார்ப்பார், மறுபடி நடப்பார். ஒரே மகள் சண்முகப்ரியா கைக்குழந்தைக்காரி, வரவே கூடாது என்று போனில் சொல்லிவிட்டார். இவர் ஓடி ஓடிப் பார்த்தவர்களெல்லாம் வேன் பிடித்து வந்தார்கள். கேட்டிலேயே மறித்துத் திருப்பி அனுப்பினார். நம் பக்கத்தில் இது சின்ன விஷயம் இல்லை. ஹார்லிக்ஸ் பாட்டிலை என் வண்டியில் வைத்துவிட்டு, முகத்தைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

முதல் நாள் உறை போட்ட கையால் அக்காவின் கையைப் பிடித்திருக்கிறார். காய்ச்சல் மயக்கத்தில் இருந்த அக்கா கண்ணைத் திறக்காமலே, யாரது என்று கேட்டாராம். இத்தனை வருஷம் கூட வாழ்ந்தவளுக்கு என் கை தெரியவில்லை என்று வெளியே வந்து அழுதார். அவர் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

இரண்டாவது ஆபரேஷன் முடிந்தது. காயம் திறந்தபடிதான் இருந்தது. கிட்னி தளர்ந்துகொண்டு வருகிறது, இந்த நிலையில் வேறு எதுவும் வந்து சேர்ந்தால் தாங்கமாட்டார் என்று டாக்டர் சொல்லியிருந்தார். எதிர் அறையில் ராமுலுவுக்கு ஏற்கெனவே இருந்ததோடு இன்னொரு கிருமியும் சேர்ந்துவிட்டது. அந்த வாசல் பக்கம் போகவே போகாதீர்கள் என்று சமீரா அண்ணனிடம் தனியாகச் சொல்லியிருந்தார்.

ஒரு மத்தியானம் நான் சாப்பாட்டுத் தூக்கோடு வராந்தாவில் நின்றிருந்தேன். அண்ணன் அக்காவின் அறை வாசலில் இருந்தார். எதிர்க் கதவு திறந்தது. ரங்கநாயகி அம்மா நிலைப்படியில் வந்து நின்றார். முகம் வற்றிப்போயிருந்தது.

"ஏனுங்க, அவரு கண்ணு வாசலையே பாத்துட்டுக் கெடக்குதுங்க," என்றார். "உங்களத்தான் தேடறாரு. வந்து ஒரே ஒருக்கா போட்டுட்டுப் போங்க."

நடுவில் இருப்பது ஒரு வராந்தா அகலம். திறந்த கதவு வழியாக ராமுலுவின் முகம் தெரிந்தது. நெற்றி இந்தப் பக்கம் திரும்பியிருந்தது. அண்ணன் ஓரடி எடுத்து வைத்தார். பிறகு திரும்பித் தன் பின்னால் இருந்த கதவைப் பார்த்தார்.

"முடியாதுங்கம்மா," என்றார்.

அந்த வார்த்தை அவர் வாயில் இருக்கிறது என்றே எனக்கு அன்றுவரை தெரியாது. பையிலிருந்து திருநீற்றுப் பொட்டலத்தை எடுத்து நீட்டி, நீங்களே போட்டுவிடுங்கள் என்றார். அந்த அம்மாள் வாங்கினார். விரலும் விரலும் பட்டன. அண்ணன் உடனே சுவரில் தொங்கிய பாட்டிலின் பக்கம் திரும்பினார். அந்த அம்மாள் பார்த்துக்கொண்டிருக்க, கட்டிலில் இருந்து ராமுலுவும் பார்த்துக்கொண்டிருக்க, மருந்தை ஊற்றிக் கையைத் தேய்த்தார். உள்ளங்கை, புறங்கை, விரல் இடுக்கு, கடைசியில் கட்டைவிரல். சமீரா சொல்லிக்கொடுத்தபடி ஒன்றையும் விடவில்லை. ரங்கநாயகி அம்மா தன் கையை ஒருதரம் பார்த்துக்கொண்டார். கதவைச் சாத்தினார்.

அண்ணன் வராந்தா நாற்காலியில் உட்கார்ந்தார்.

"கழுவிப்போட்டேன் தம்பி," என்றார். "அவங்க பாக்கப் பாக்கக் கழுவிப்போட்டேன்."

அந்த வாரமே ராமுலு இறந்துபோனார். அக்கா பிழைத்தார். மெல்ல மெல்லக் காய்ச்சல் இறங்கி, காயம் மூடி, வாக்கரைப் பிடித்துக்கொண்டு வீடு வந்து சேரத் தை பிறந்துவிட்டது. ஊரே சந்தோஷப்பட்டது. கேட்டில் திரும்பிப் போனவர்கள்கூட கோபத்தை விட்டுவிட்டு வந்தார்கள். அண்ணன் மட்டும் யாரையும் பார்க்கப் போகவில்லை. குடோனில் தறியை ஓட்டிவிட்டு வந்து வாசலுக்கும் புழக்கடைக்கும் நடப்பார். அந்த அம்மாள் என்ன நினைத்திருக்கும் என்று என்னிடம் கேட்பார். அந்த மனிதர் என்ன நினைத்துக்கொண்டு செத்தார் என்று கேட்பார். செத்தவர் மனதை நான் எங்கே போய் விசாரிப்பது? எனக்கு அலுத்துவிட்டது.

கடைசியில் அக்காதான் பேசினார். "கெட்டதுக்குப் போகோணும்னு ஊருக்கே சொன்னவரு நீங்கதானுங்க. போயிட்டு வாங்க. வையறதா இருந்தாலும் அந்தம்மா நேருல வையட்டும்."

சிங்காநல்லூரில் அந்த வீட்டைக் கண்டுபிடித்து வண்டியை நிறுத்தினேன். பெரிய கேட். உள்ளே ராமுலுவின் படத்துக்கு மாலை தெரிந்தது. அண்ணன் கேட்டுக்கு வெளியே நின்றுவிட்டார். நான் இழுத்தும் வரவில்லை. ரங்கநாயகி அம்மாவே வெளியில் வந்து, ஏன் அங்கேயே நிற்கிறீர்கள் என்று உள்ளே கூட்டிக்கொண்டு போய் நாற்காலியைக் காட்டினார். அதன் நுனியில் உட்கார்ந்தார். எங்கள் இருவருக்கும் டீ வந்தது. குடித்து முடித்தோம். படத்துக்கு முன்னால் ஒரு கிண்ணத்தில் அந்தத் திருநீற்றுப் பொட்டலம் இருந்தது.

"அன்னைக்கு உங்க முன்னாலயே நான்..." என்று ஆரம்பித்தார் அண்ணன்.

"உங்க ஊட்டம்மா நடக்கறாங்களா?" என்று கேட்டார் ரங்கநாயகி அம்மா.

"நடக்கறாங்க."

"அப்பறம் என்னங்க. கழுவுனது நல்லதுதான்."

அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். பிறகு காலி டம்ளரை எடுத்துக்கொண்டு எழுந்து, கழுவிவைக்கக் குழாய் எங்கே என்று சுற்றுமுற்றும் பார்த்தார். தோட்டத்து வீடுகளில் எங்கள் ஆட்களுக்குப் பழக்கிவிட்ட பழக்கம் அது. நானும் என் டம்ளரோடு எழுந்துவிட்டேன், வெட்கமாக இருக்கிறது. அந்த அம்மாள் எழுந்து வந்து அவர் கையிலிருந்து டம்ளரை வாங்கினார். என்னுடையதையும் வாங்கிக்கொண்டார்.

"டம்ளர நான் பாத்துக்கறேன். நீங்க கைய மட்டும் கழுவிட்டு வாங்க," என்றார். "அவருக்கு நான்தான் போட்டு உட்டேன். எனக்குப் போட ஆளில்லீங்க."

அண்ணன் முற்றத்துக் குழாயில் கையைக் கழுவினார். உள்ளங்கை, புறங்கை, விரல் இடுக்கு, கட்டைவிரல். ரங்கநாயகி அம்மா ராமுலுவின் படத்துக்குப் பக்கத்தில் நின்று, அண்ணன் கழுவி முடிக்கும் வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, நெற்றியைக் காட்டினார்.