கிஃப்ட் கட்டிலுக்கு அடியில இருக்கு

மூணாங்கிளாஸ்லயே நான் டிவி ஆங்கர். சிரிக்காதீங்க. திருப்பூர் லோக்கல் கேபிள், ஞாயித்துக்கிழமை காலைல பர்த்டே ஷோ, லைவ். வேலம்பாளையத்துல ஒரு பனியன் குடோன் மாடிதான் ஸ்டுடியோ. பின்னாடி தொங்கறது ஷேடு மாறி ரிஜெக்ட் ஆன பச்சைத் துணி. ஆனா ஸ்கூல்ல செம கெத்து.

வேலை சிம்பிள். பெத்தவங்க கிஃப்ட்ட ஊட்ல ஒளிச்சு வெச்சுட்டு, எடத்த முன்னாடியே போன்ல சொல்லீருவாங்க. ஸ்க்ரீன்ல புள்ள போட்டோ வரும். நான் பேரச் சொல்லி விஷ் பண்ணிட்டு, பீரோ மேல பாரு, ஃப்ரிட்ஜ் பின்னாடி பாருன்னு சொல்லோணும். டிவிக்கு எப்படித் தெரியும்னு புள்ள வாயப் பொளக்கும்.

கேபிள் ஓனர் குமரேசண்ணன் மொத நாளே ட்ரெய்னிங் குடுத்தாரு. "எடம் வரலீனா முழிக்காத கண்ணு. கட்டிலுக்கு அடியிலன்னு அடிச்சு உடு. அவங்க பாத்துக்குவாங்க."

ஒரு வாரம் தர்ஷினின்னு ஒரு போட்டோ. ரெட்டச் சடை. எடம் வரல. அடிச்சு உட்டேன்.

அது பர்த்டே போட்டோவே இல்ல. அந்தப் புள்ள செத்து ஒரு வருஷம். ஷோ முடிஞ்சு ஓடற நினைவஞ்சலிக்குக் குடுத்தது, அண்ணன் மாத்திப் போட்டுட்டாரு.

அடுத்த நாள் தர்ஷினியோட அம்மா போன். பனியன் கம்பெனில ஓவர்லாக் டைலர். அண்ணன் மன்னிப்பு மேல மன்னிப்பு கேட்டாரு. அந்தக்கா திட்டவே இல்லியாம். புள்ள போனதுல இருந்து அவ கொலுசுல ஒண்ணக் காணமாம். கட்டிலுக்கு அடியில கெடந்துச்சாம். அங்கயும் எத்தனையோ தடவ தேடுனதுதானாம்.

ஷோ பிச்சுக்கும்னு அண்ணனுக்கு ஒரே குஷி. எனக்குக் காய்ச்சல்.

அடுத்த ஞாயிறு, லைவ்ல அந்தக்காவே லைன்ல வந்தாங்க.

"கண்ணு, தர்ஷினி உன்றகிட்ட வேற என்ன சொன்னா?"

கேமரா பின்னாடி நின்னுட்டு, எதாச்சும் சொல்லுன்னு அண்ணன் கையக் காட்டறாரு.

"ஒண்ணும் சொல்லலீங்கக்கா. அது நானாச் சொன்னதுங்க."

அவங்க ஊட்டு டிவில இருந்து என் குரல் கொஞ்சம் லேட்டா போன்ல திரும்பிக் கேட்டுச்சு. நானாச் சொன்னதுங்க.

"பொய் சொல்லாத சாமி. உன்ற பின்னாடிதான நிக்கறா. இட்லி ஆறுது, ஊட்டுக்கு அனுப்பி உடு."

திரும்பிப் பாத்தேன். பச்சைத் துணிதான். மைக்குக்காக ஃபேன் ஆஃப் பண்ணியிருந்தாங்க. துணி லேசா ஆடுச்சு.

எந்திரிச்சு ஓடீரலாம்னு பாத்தேன். ஆனா அந்தக்கா போன வெக்கற மாதிரி இல்ல. துணியப் பாத்துச் சொன்னேன். "தர்ஷினி, அம்மா கூப்பிடறாங்க. ஊட்டுக்குப் போ."

மறுபடி என் குரல் லேட்டா கேட்டு முடிஞ்சுது. அப்பறம் அந்தக்கா, எங்கிட்ட இல்ல, வேற பக்கம் திரும்பிப் பேசற மாதிரி, "வா கண்ணு"ன்னாங்க. லைன் கட்.

என் டிவி கேரியர் அதோட க்ளோஸ். இப்ப எக்ஸ்போர்ட் கம்பெனில மெர்ச்சண்டைசர். ஷிப்மெண்ட் எப்பன்னு பையர் கேட்டா, மேனேஜர் எதாச்சும் ஒரு தேதி சொல்லிடும்பாரு. நான் தெரியலைன்னுதான் சொல்லுவேன். திட்டுவாரு, திட்டட்டும். புதுசா வேலைக்கு வர்ற நீங்களும் அப்படியே சொல்லிப் பழகுங்க. நீங்க சும்மா சொன்ன எடத்துல எங்கயோ ஒருத்தர் கைய உட்டுத் தேடிட்டு இருப்பாங்க.