இடது தோள் முக்கால் இஞ்ச் இறக்கம்

தெருவில் அவளுக்குக் கத்திரி அம்மா என்று பேர். துணியை வெட்டுவதைவிட வேகமாக அடுத்தவர் பேச்சை வெட்டுவாள். சொன்ன நாளில் சட்டையைத் தைத்துக் கொடுத்துவிடுவாள் என்பதால் ஊர் அவள் வாயைப் பொறுத்துக்கொண்டது.

முப்பது வருடங்களுக்கு முன் ராணுவம் அவளையும் தம்பியையும் முகாமுக்கு இழுத்துப்போனது. தையல் தெரியுமென்று இவளைச் சீருடை தைக்க உட்காரவைத்தார்கள். தம்பியைச் சுட்டுவிட்டார்கள். சுடச் சொன்ன முகாம் அதிகாரி இன்று மாலையும் கழுத்துமாக மேடை ஏறுகிற பெரிய மனிதர். அந்த முகாம் பக்கமே போனதில்லை என்று சாதிக்கிறார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க இவரிடம்தான் கற்றுக்கொள்ள வேண்டும்.

முகாமைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிற பெண் கேமராவோடு தையல் கடைக்கு வந்தாள். அந்தக் காலத்து ராணுவக்காரர்கள் ஐந்து பேரின் போட்டோக்களை மேஜைமேல் பரப்பினாள்.

“இதுல அவர் யாரும்மா?”

“தெரியாது. அங்க தலை நிமிர்ந்தா அடி விழும். ஒருத்தன் மூஞ்சியையும் நான் பாத்ததில்ல.”

படக்காரியின் முகம் சுண்டிப்போனது. “அடையாளம் சொல்லலேன்னா நீங்க பேசுறத படத்துல வைக்க முடியாதும்மா. அவர் வக்கீல் விடமாட்டார்.”

கத்திரி அம்மா போட்டோக்களை ஒதுக்கித் தள்ளினாள். தம்பியின் சாவு வெட்டிப் போட்ட துணியோடு குப்பைக்குப் போவதா?

“மூஞ்சியத்தான் பாக்கல. மூணு தடவ அளவெடுத்திருக்கேன்டி! துணியில அவன் பேரெழுதின சீட்டு குத்தியிருக்கும். இடது தோள் முக்கால் இஞ்ச் இறக்கம். வலது கை ஒரு இஞ்ச் நீளம். முதல் சட்டைக்கு ரெண்டு கையையும் ஒண்ணா வெட்டித் தொலைச்சேன். ரெண்டு நாள் முட்டி போட வெச்சான். மறக்குமா?”

“முப்பது வருஷத்துல உடம்பு மாறியிருக்குமே?”

“தொப்பை வளரும். கை வளருமா?”

உள்ளேயிருந்து மகள் ஓடிவந்தாள். “பெரிய இடத்து வம்பும்மா, வேண்டாம்!”

“நான் பயந்தது போதும். இனி அவன் பயப்படட்டும்.”

கேமரா ஓட ஓட வெள்ளைத் துணியை விரித்து, நோட்டு எதையும் பார்க்காமல் வெட்டி, அன்றே தைத்து முடித்தாள்.

படக்காரி சட்டையை அவர் வீட்டுக்கே கொண்டுபோனாள். “போட்டுப் பாருங்க சார். பொருந்தலேன்னா அந்தம்மா சொன்னது தப்புன்னு படத்துலயே சொல்லிடறோம்.” அவர் சட்டையை வாங்கி விரித்தார். சட்டைக் கைகள் இரண்டையும் சேர்த்துப் பிடித்தார். ஒன்று ஒரு இஞ்ச் நீண்டு தொங்கியது. சட்டையை அவள் மேலேயே விட்டெறிந்து கதவைச் சாத்திக்கொண்டார். அத்தனையும் படத்தில் வந்தது.

படம் வெளியான மறுநாள் கடையில் போன் அடித்தது. ஒரு கிழவர் குரல். பேச ஆரம்பித்ததுமே அழுதார்.

“அக்கா, நானும் அங்கதான் இருந்தேன். இத்தன வருஷமா பெத்த பிள்ளைங்ககிட்டகூட சொன்னதில்ல. அவனுக்கு பூட்ஸ் தெச்சது நான்தான். கால் அளவு எங்கிட்ட இருக்கு.”