சூடான பானட்

கோத்தா திங்கியில் என் பழைய காரை வாங்க வந்த பையன் பானட்டில் கை வைத்தான். "என்ன அங்கிள், சூடா இருக்கு லா?"

அந்தச் சூடு எனக்குத் தெரியும். நான் சிறுவனாக இருந்தபோது சிகாமட் தோட்டத்தில், பெரியப்பா எங்கள் காரை வாங்க வருவதற்கு முன் அப்பா அதை ஓடவிட்டு வைத்தார். இஞ்சினுக்குள் ஓடும் டைமிங் செயின் தேய்ந்திருந்தது; இஞ்சின் குளிர்ந்திருந்தால் அது கடகடக்கும், சூடானால் அடங்கிவிடும். "பூனை மாதிரி ஓடுதே தம்பி!" என்று பெரியப்பா சிரித்தபடி ஓட்டிப்போனார். சீக்கிரமே செயின் அறுந்தது. அந்தத் தீபாவளிக்கு நாங்கள் அனுப்பிய முறுக்கு அப்படியே திரும்பி வந்தது. அப்பா அதைத் தொடவில்லை.

பள்ளிக்கூடம் அதிகம் போகாமலே லாரி கம்பெனி வைத்தவன் நான். சத்தத்திலேயே கோளாறைச் சொல்லிவிடுவேன். அப்படிப்பட்ட நானும் இன்று காலை இஞ்சினைச் சூடாக்கித்தான் வைத்திருந்தேன்.

சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

"நாளைக்குக் காலையில வா தம்பி. ஆறின இஞ்சின நீயே ஸ்டார்ட் பண்ணிக் கேளு."