ஆதம்பாவாவின் ஆறு சொற்கள்

கரும்பலகையில் வெண்கட்டியால் எழுதிய நேற்றைய வரியை ஈரத்துணியால் துடைத்துவிட்டு, பலகை காயும்வரை ஆதம்பாவா புதிய வரியை வாய்க்குள் சொல்லிப் பார்க்கிறார். ஒரு சொல்லுக்கு ஒரு விரல். ஆறு விரலைத் தாண்டினால் எங்காவது வெட்டுவார். "ஐஸ் அள்ளி முடியிறதுக்குள்ள வாசிச்சு முடியோணும். நிண்டு வாசிக்கக் கடலுக்குப் போறவனுகளுக்கு எங்க நேரம்?" என்பார்.

திருகோணமலை உட்துறைமுக வீதியில், மீன் இறங்குதுறையை ஒட்டிய ஐஸ் களஞ்சியத்துக்குப் பதினெட்டு வருடமாக அவர்தான் பொறுப்பு. துறையில் எல்லாருக்கும் அவர் 'நானா', அண்ணன். மின்வெட்டுக் காலத்தில் ஐஸ் எத்தனை மணிக்குக் கிடைக்கும் என்று எழுதி வைப்பதற்காக மாட்டிய பலகை அது. மின்வெட்டு நின்ற பிறகு சும்மா கிடந்தது. ஒரு காலை, நாட்காட்டித் தாளில் படித்த ஒரு வரியைச் சுருக்கி அதில் எழுதினார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் எழுதாமல் விட்டபோது நாலு பேர் ஏன் என்று கேட்டார்கள்.

நாட்காட்டித் தாள், கட்டாரில் இருக்கும் மருமகன் போனுக்கு அனுப்பும் காலை வணக்கப் படம், பள்ளிவாசலில் காதில் விழுந்தது, எல்லாவற்றிலிருந்தும் எடுப்பார். சொன்னவர் பெயரை மட்டும் எழுதமாட்டார். "பேரைப் போட்டா ஆளைப் பார்ப்பானுகள், கதையை விட்டிருவானுகள்." வானத்தைத் தொடு, நட்சத்திரத்தைப் பிடி என்ற வகை வரிகள் அவருக்கு ஆகாது. வானத்தில் என்ன மீனா பிடிக்கிறது என்று கேட்பார். 'இன்று பாதி முடித்தால் நாளை பாதிதான்' என்று அவர் எழுதிய நாளில், மீன் விற்கும் அன்னலட்சுமி அதைப் போனில் படமெடுத்து, பரீட்சைக்குப் படிக்கும் மகளுக்கு அனுப்பினாள். அன்றிலிருந்து தினமும் அனுப்புகிறாள்.

வரிகளெல்லாம் யாருக்காக என்பது அவர் மனைவி ரிப்காவுக்குத் தெரியும். பூட்டை மூன்று தரம் இழுத்துப் பார்க்கிற மனுஷன். ஓர்ஸ் ஹில்லில் இருக்கும் அலுவலகத்திலிருந்து அவள் பத்து நிமிடம் பிந்தினால் போன் அடிக்கத் தொடங்கிவிடுவார். "ஊருக்குத் தைரியம் எழுதுறாராம். பல்லி விழுந்தாக் கதிரையில ஏறி நிக்கிற ஆள்" என்று அவள் சிரித்தால், அவர் மறுப்பதில்லை. "பயமில்லாதவனுக்கு இந்தக் கதையெல்லாம் எதுக்கு?" என்பார்.

போன கார்த்திகையில் ஒரு செவ்வாய்க்கிழமை, எங்கிருந்தும் எடுக்காமல் தானே இரண்டு நாள் உருட்டித் திரட்டிய ஒரு வரியை எழுதினார். 'இறங்காதவனுக்கு எல்லாக் கடலும் ஆழம்.' நாலே சொல். எட்ட நின்று பார்த்தபோது கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

தம்பிராசா அன்று தனியாக வந்திருந்தார். சொந்தமாக ஒரு சின்ன பைபர் போட் வைத்திருக்கிறவர். கூடப் போகிற ஆளுக்குக் காய்ச்சல். வடக்கே வானம் கறுத்துக் கிடந்தது. ஐஸ் பெட்டியைத் திறக்காமல் அவர் நெடுநேரம் நின்றார். வானத்தைப் பார்த்தார், பலகையைப் பார்த்தார், திரும்பவும் வானத்தைப் பார்த்தார். பிறகு, "அள்ளுங்கோ நானா" என்றார்.

பத்து மணிக்குக் காற்று மாறியது. களஞ்சியத்தின் கூரைத் தகரம் அடிக்கத் தொடங்கிற்று. பதினொரு மணிக்குள் படகுகள் ஒவ்வொன்றாக உள்ளே வந்தன. படகைக் கட்டிக்கொண்டிருந்த மீனவன் ஹஸ்மியிடம் ஆதம்பாவா ஓடிப்போய்க் கேட்டார்.

"தம்பிராசாவைக் கண்டனீங்களா?"

"விடியக் கண்டதுதான் நானா. எங்களைத் தாண்டி வெளிய போனவர்."

போன் அடித்தால் எடுக்கவில்லை. மீனவர் சங்கத்தார் கடற்படைக்குச் சொன்னார்கள். மதியத்துக்குள் தம்பிராசாவின் மகள் சிவாஜினி வந்துவிட்டாள். இருபத்திரண்டு வயதுப் பிள்ளை, தலைக்கவசத்தைக் கழற்றவும் மறந்து நின்றாள்.

"அப்பா இண்டைக்குப் போகேல்லை எண்டுதான் வீட்டில சொன்னவர். பிறகு ஐஸ் எடுத்திட்டன் எண்டு போன் அடிச்சவர். உங்கட பலகையை எனக்கு வாசிச்சும் காட்டினவர் நானா."

அவள் குற்றமாகச் சொல்லவில்லை. அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. துணியை வாளியில் நனைத்துக்கொண்டு பலகையிடம் போனார்.

"ஏன் அழிக்கிறீங்கள்?" என்று அவள் கேட்டாள்.

துணியிலிருந்து தண்ணீர் அவர் காலில் சொட்டியது. அழித்தால் தடயத்தை மறைப்பதுபோல இருந்தது. விட்டால், கரைக்கு வருகிற ஒவ்வொருவனும் அதை வாசித்துவிட்டு அவரைத் திரும்பிப் பார்ப்பான். அவர் அழிக்கவில்லை. ஒரு கதிரையைக் கொண்டுவந்து அவளை இருத்திவிட்டுப் பக்கத்தில் நின்றார்.

இத்தனை வருடம் எழுதிய வரிகளை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தார். ஒன்றுகூட நெஞ்சில் நிற்கவில்லை. பிற்பகல் அஸர் தொழுகைக்கு நின்றபோது எத்தனையாவது ரக்அத்தில், தொழுகையின் எத்தனையாவது சுற்றில், நிற்கிறோம் என்று மறந்துபோனது. திரும்பி வந்து, கடலைப் பார்த்தபடியே சொன்னார்.

"நான் கடலைப் பத்தி எழுதல்ல மகள். என்னைப் பத்தித்தான் எழுதினன். எதுக்கும் இறங்காதவன் நான்தான்."

சிவாஜினி தலைக்கவசத்தைக் கழற்றி மடியில் வைத்தாள். "அப்பாவுக்கு அது தெரியாதே நானா" என்றாள்.

நாலரை மணி இருக்கும். துறையில் நின்ற அத்தனை பேரும் கடலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பின்னால் வீதிப் பக்கமிருந்து ஒரு குரல் கேட்டது.

"என்ன, எல்லாரும் இதில நிக்கிறியள்?"

மூதூர் பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தார் தம்பிராசா. காற்சட்டையில் உப்புக் காய்ந்து வெள்ளையாக நின்றது. எஞ்சின் நின்றுபோய், காற்று இழுத்த இழுப்பில் கொட்டியாரக்குடாவைக் கடந்து மூதூர்க் கரையில் ஒதுங்கினாராம். போன் தண்ணீரில் போய்விட்டது. யாரிடமாவது போன் வாங்கிச் சொல்லலாம் என்றால், ஒரு நம்பரும் நினைவில் இல்லை. சிவாஜினி தகப்பனின் தோளில் இரண்டு குத்துக் குத்திவிட்டு, அந்தத் தோளிலேயே முகத்தை வைத்து அழுதாள்.

கூட்டம் கலையும்வரை ஆதம்பாவா பொறுத்திருந்தார்.

"தம்பிராசா, என்ட பலகையைப் பார்த்துத்தான் போனனீங்களா?"

தம்பிராசா காதுக்குள் இருந்த மணலைத் தட்டினார். "போகத்தான் மனம் இருந்தது நானா. ஆராவது ஒருத்தர் போ எண்டு சொன்னால் நல்லம் எண்டு நிண்டனான். உங்கட பலகை சொல்லிச்சுது." பிறகு யோசித்துச் சொன்னார். "வேற என்னத்தை எழுதியிருந்தாலும் எனக்கு அப்பிடித்தான் விளங்கியிருக்கும்."

ஆறுதலாகச் சொன்ன கதைதான். ஆதம்பாவாவுக்கு அது இன்னும் பெரிய பயமாகப் போயிற்று.

அந்த வரியை அழித்த பிறகு இரண்டு நாள் பலகை வெறுமையாக இருந்தது. மூன்றாம் நாள் அன்னலட்சுமி கூடையை இறக்கி வைத்துவிட்டு, "என்ட பிள்ளைக்கு இண்டைக்கும் ஒண்டும் இல்லையோ?" என்று கேட்டாள். பரீட்சை திங்கட்கிழமையாம். அவர் நாளைக்கு எழுதுகிறேன் என்றார்.

மறுநாள் காலை எழுதினார். 'காத்திருப்பதும் ஒரு வேலைதான்.' எழுதிவிட்டு, நேரே நின்று வாசித்தார். கதவடியில் நின்று வாசித்தார். படிக்கிற பிள்ளைக்கு ஒரு மாதிரியும், கடலுக்குப் போகிறவனுக்கு வேறு மாதிரியும் கேட்டது. இதை வாசித்துவிட்டு எவன் வீட்டில் படுத்துவிடுவானோ? எவன் வீட்டு அடுப்பு எரியாமல் போகுமோ? துணியை எடுத்தார், வைத்தார். அன்னலட்சுமி வந்து படமெடுத்துக்கொண்டு போனாள். அதற்குமேல் அழிக்க ஏலாது.

அப்போதுதான் தம்பிராசா பெட்டியைத் தோளில் வைத்தபடி வாசலில் வந்து நின்றார். எஞ்சின் திருத்தியாகிவிட்டது, மூதூரிலிருந்து படகும் வந்துவிட்டது. வானம் வெளுத்திருந்தது.

"என்ன நானா, இண்டைக்கு என்ன எழுதியிருக்கிறீங்கள்?" என்று கழுத்தை நீட்டினார்.

"நீங்க முதல்ல வானத்தைப் பாருங்க" என்று சொன்ன ஆதம்பாவா, இரண்டடி பின்னால் போய், வெண்கட்டி சட்டையில் ஒட்டினாலும் ஒட்டட்டும் என்று, பலகையில் முதுகை நன்றாக அழுத்திக்கொண்டு நின்றார்.